அரிவாள்மணையில் அன்னாசி : பெயரும் வினையும்

1. முன்னுரை

திருச்சிராப்பள்ளியிலிருந்து மதுரை செல்லும் பெருவழியில், ஏறத்தாழ 30 கிலோமீட்டர் தொலைவில் உள்ளது விராலிமலை. புதுக்கோட்டை மாவட்டத்தைச் சேர்ந்த இவ்வூர், மலைமேல் எழுந்தருளியிருக்கும் ஆறுமுகப் பெருமானாலும், மலைச்சாரலில் திரியும் மயில்களாலும், குறவஞ்சி ஆட்டத்தாலும் பெயர் பெற்றது. இக்கோயிலுக்கு உரிய தனி வழக்கம் ஒன்று உண்டு. முருகனுக்குச் சுருட்டுப் படைக்கப்படுகின்றது. வெள்ளத்தால் வழி அடைபட்டு, குளிரால் நடுங்கிச் சுருட்டுக்கு ஏங்கிய அன்பர் ஒருவருக்கு இறைவனே சுருட்டுடன் வந்து துணைநின்றான் என்று தலவரலாறு இதற்குக் காரணம் கூறும்.

புகையிலை தமிழ்நாட்டுப் பயிரன்று. அமெரிக்கக் கண்டத்திற் பிறந்து, போர்ச்சுக்கீசியர் கலங்களில் வந்தது. வந்த பயிர் திருமுன்பு படையலாகும் அளவுக்கு நம்முடையதாயிற்று. புலவரும் அதனைப் புறக்கணிக்கவில்லை. சீனிச்சர்க்கரைப் புலவர் அதனைப் பழநி முருகனிடம் தூது அனுப்பி, ‘புகையிலை விடு தூது’ பாடினார்.

ஒரு தைப்பூச நாளன்று மலையேறி வழிபட்டு இறங்கிய யாம், அடிவாரத்தில் எம் அத்தையார் இல்லத்தில் தங்கினோம். அங்கே, அதே கண்டத்திலிருந்து அதே கடல்வழியே வந்த மற்றொரு பொருளைக் கண்டோம். கூடத்தில் அரிவாள்மணையின்மேல் அமர்ந்து அத்தையார் அன்னாசிப் பழம் அரிந்துகொண்டிருந்தார். புகையிலைக்குக் கிட்டிய படையற் சிறப்போ தூது நூலோ அன்னாசிக்கு வாய்க்கவில்லை. அஃது அடுக்களை வழியே தமிழர் வாழ்வில் நுழைந்தது. ஏடறியாத அந்நுழைவினை ஆராய்வதே இக்கட்டுரையின் நோக்கம்.

2. வருகை

அன்னாசியின் பிறப்பிடம் தென்னமெரிக்கா. பிரேசிலின் தென்பகுதியும் பராகுவே நாடும் அடங்கிய நிலப்பரப்பில் தோன்றி, அந்நாட்டுப் பழங்குடி மக்களால் பயிராக்கப்பட்டு, கரிபியன் தீவுகள்வரை பரவியிருந்தது. 1493ஆம் ஆண்டு தம் இரண்டாம் பயணத்தில் குவாதலூப்புத் தீவில் கொலம்பசு இப்பழத்தைக் கண்டார். அடுத்த நூற்றாண்டில் போர்ச்சுக்கீசியர் இதனை இந்தியக் கடற்கரைக்குக் கொணர்ந்தனர். கிறித்தோவாவோ த கோசுத்தா என்னும் மருத்துவர் 1578இல் வெளியிட்ட, கீழ்நாட்டு மருந்துப் பொருள்கள் பற்றிய நூலில் அன்னாசியும் இடம்பெற்றுள்ளது.

அக்பரின் அவையிலிருந்த அபுல் பசல் தம் ‘அயினி அக்பரி’யில் இப்பழத்தைப் ‘பயணப் பலா’ எனப் பொருள்படும் பெயரால் குறிக்கின்றார். இளஞ்செடியைக் கலத்தில் வைத்துப் பயணத்திற் கொண்டுசெல்லலாம். அது வழியிலேயே பழுக்கும் என்பது அவர் தரும் விளக்கம். சகாங்கீர் தம் நினைவுக் குறிப்புகளில், இப்பழம் ஐரோப்பியர் வாழும் துறைமுகங்களிலிருந்து வருவதென்றும், ஆக்ராவின் அரசத் தோட்டத்தில் ஆண்டுதோறும் ஆயிரக்கணக்கில் விளைகின்றதென்றும் எழுதினார். ஆகவே ஒரு நூற்றாண்டு எல்லைக்குள், அரிய பொருளாக வந்த பழம் தோட்டப் பயிராயிற்று என்பது தெளிவு.

இன்று தமிழ்நாட்டில் கொல்லிமலையிலும், குமரி மாவட்டத்திலும் அன்னாசி விளைகின்றது. கேரளத்து வாழக்குளம் அன்னாசி 2009இல் புவிசார் குறியீடு பெற்றது. விராலிமலைச் சுற்றுப்புறமோ வானம் பார்த்த நிலம், அன்னாசிக்கு ஏற்றதன்று. இங்குள்ள இல்லங்களுக்கு இப்பழம் வெளியூர்ச் சந்தைகளின் வழியே வருகின்றது. விளையாத ஊரிலும் ஒரு பழத்தை அரியும் முறை வேரூன்றியிருப்பது சிந்திக்கத்தக்கது.

3. பெயர்

புதுப்பொருள் வந்துழி அதற்குப் பெயரிடும் நெறிகள் இரண்டு. பொருளோடு வந்த பெயரையே நம் ஒலிமரபுக்கு ஏற்பத் திருத்திக்கொள்ளல் ஒன்று. முன்னறிந்த பொருளோடு ஒப்பிட்டு நம் சொல்லால் வழங்கல் மற்றொன்று. கொய்யா, பப்பாளி என்பன முதல் நெறியின. மிளகுபோற் காரமுடைய காய் மிளகாய் ஆனதும், புகைக்கும் இலை புகையிலை ஆனதும் இரண்டாம் நெறியின.

அன்னாசிக்கு இவ்விரு நெறிகளாலும் பெயர் அமைந்தது. தென்னமெரிக்கத் தூப்பி மொழிச் சொல் போர்ச்சுக்கீசியத்தில் ‘அனனாசு’ ஆயிற்று. அச்சொல் தெலுங்கில் ‘அனாச’ என்றும், மலாயில் ‘நனாசு’ என்றும், சிங்களத்தில் ‘அன்னாசி’ என்றும் வழங்குகின்றது. தமிழில் னகரம் இரட்டித்து, சகர ஈற்றின்பின் இகரம் பெற்று ‘அன்னாசி’ என நின்றது. இவ்வீற்றுத் திரிபு தனித்து நிற்பதன்று. போர்ச்சுக்கீசியக் ‘கர்த்தாசு’ என்பது ‘கடுதாசி’ ஆனமை இதற்கு இணையான சான்று. வேற்றுமொழிச் சொல் தமிழ் ஓசைக்கு இயைந்தே புகவேண்டும் என்னும் தொல்காப்பிய மரபு, எழுத்தறியாதார் நாவிலும் இயல்பாகவே காக்கப்பட்டது என்க.

இரண்டாம் நெறியால் எழுந்த பெயர் ‘பறங்கித்தாழை’. வாள்போல் நீண்டு விளிம்பில் முள்ளுடைய இலையைக் கண்டோர் தாழையை நினைந்தனர். மலையாளத்தார் ‘கைதச்சக்க’ என்பர். கைத என்பது தாழை. நம் பழைய இலக்கியம் ஆளும் ‘கைதை’யே அது. சக்க என்பது பலா. இலையால் தாழை, கனியால் பலா என இருபுறமும் நோக்கி இட்ட பெயர் இது. வான் ரீடு தொகுத்த ‘மலபார்த் தாவரத் தோட்டம்’ என்னும் இலத்தீன் நூலும் (12 தொகுதிகள், 1678–1693) இப்பழத்தைச் ‘சக்க’ என முடியும் பெயராலேயே பதிந்துள்ளது. அக்பர் அவையினர் வடக்கே பலாவை நினைந்ததும், மலையாளத்தார் தெற்கே பலாவை நினைந்ததும் ஒன்றையொன்று பார்த்து எழுதியன அல்ல. பழத்தின் அமைப்பே இருவரையும் அங்குச் செலுத்தியது.

இவ்வொப்புமை வெறுந்தோற்றம் அன்று. பலாவைப் போலவே அன்னாசியும் ஒரு பூவின் கனியன்று. ஒரு தண்டில் நெருங்கிப் பூத்த நூற்றுக்கு மேற்பட்ட பூக்கள் ஒன்றாய்த் திரண்ட கூட்டுக்கனி. நாம் ‘கண்’ என்பது ஒவ்வொன்றும் ஒரு பூவின் சுவடு. தாழையின் பெண்மரம் தரும் காயும் கண்கண்ணாகத் திரண்டு அன்னாசியை ஒத்திருக்கும். மணத்துக்காக நாம் கொள்வது ஆண்மரத்தின் பூவே ஆதலின், அக்காயைக் கண்டோர் சிலரே.

தனித்தமிழ் ஆர்வலர் இக்காலத்தில் ‘செந்தாழை’ என்னும் பெயரை வழங்குவர். ஆர்வம் போற்றத்தக்கது. ஆயினும் செந்தாழை என்பது மணமுள்ள தாழை வகைக்கு முன்னரே உரிய சொல். ஒரு சொல்லை இரு பொருட்கு ஆக்கின், பிற்காலத்தார் பழம்பாடலிலே அன்னாசியைக் காண்பர். இவ்விடரை ஐந்தாம் பகுதியில் விரிப்போம்.

4. வினை

பெயரைப் பற்றி வழக்கிடுவோர் நோக்காது விட்டது வினையாகும். அத்தையார் செய்த தொழிலைச் சொல்லளவில் தொடர்ந்து நோக்குவோம்.

முதலில் பழத்தின் அடியை முகர்ந்து பார்த்தார். அடியில் மணம் எழுந்தாலன்றிப் பழம் இனிக்காது என்றார். மாவும் வாழையும்போல வைத்துப் பழுக்கும் இயல்பு அன்னாசிக்கு இல்லை. கொய்தபின் நிறம் மாறலாம், சதை மெலியலாம், இனிமை மிகாது. அரிசிப் பானையிலோ வைக்கோலிலோ புதைத்துப் பயனில்லை. எனவே தேர்வு கடையிலேயே முடிந்துவிட வேண்டும்.

பின்னர்க் கொண்டையைத் திருகிக் கழித்தார். அடியையும் நுனியையும் அரிந்தார். பழத்தை நிமிர்த்திப் பிடித்து, மணையின் அலகில் மேலிருந்து கீழாகத் தோலை மெல்லச் சீவினார். தடித்துச் சீவின் சதை வீணாகும். மெலிந்து சீவின் கண் தங்கும். அவர் மெலியவே சீவினார். தங்கிய கண்களைச் சிறு கத்தியால், சாய்ந்த வரிசையை ஒட்டி இருபுறமும் கீறி, வாய்க்கால்போற் பள்ளம் விழத் தோண்டி எடுத்தார். அன்னாசியின் கண்கள் ஒழுங்கின்றி அமைந்தன அல்ல. ஒருபுறம் சாய்ந்து எண்ணினால் பெரும்பாலும் 8 வரிசையும், மறுபுறம் சாய்ந்து எண்ணினால் 13 வரிசையும் அமைந்திருக்கும். கண்ணை ஒவ்வொன்றாய்ப் பறிப்பதினும் வரிசையாய் எடுப்பின் உழைப்பும் குறையும், சதையும் மிஞ்சும். இக்கணக்கை அத்தையார் எண்ணிக் கற்றவரல்லர், கை அறிந்திருந்தது.

“கண் இருக்க அரிந்தால் நாக்கை அரிக்கும்” என்று அவர் கூறிய சொல்லை யாம் ஏட்டிற் குறித்துக்கொண்டோம். அரிதல் வெட்டுதல், அரித்தல் தினவெடுக்கச் செய்தல், சிறிது சிறிதாய்த் தின்றல். ஓரெழுத்து மிகுதியால் வெட்டும் கையின் வினை வெட்டுண்ட பழத்தின் வினையாகின்றது. இது சொல்விளையாட்டு மட்டும் அன்று. அன்னாசிச் சாற்றில் புரதத்தைச் சிதைக்கும் நொதிப்பொருள் ஒன்று உண்டு. வெனிசுவேலா நாட்டு வேதியியலறிஞர் விசெந்தே மார்க்கானோ 1891இல் அதனைப் பிரித்துக் காட்டினார். ‘புரோமலின்’ என்பது அதன் பெயர். நாம் பழத்தைத் தின்னும்போது பழமும் நம் நாவின் மென்தோலைச் சிறிது தின்கின்றது. இது நடுத்தண்டில் மிகுதி. ஆதலின் தண்டை நீக்குதல் சுவை கருதியது மட்டும் அன்று. புளிப்பு மிக்க இச்சாறு இரும்பையும் அரிக்கும். பழத்திற் செருகி வைத்த கத்தி அரிக்கப்படும் என்று 16ஆம் நூற்றாண்டு ஐரோப்பியப் பயணியர் வியந்தனர். அரிந்து முடிந்ததும் அத்தையார் மணையின் அலகைக் கழுவித் துடைத்தே எழுந்தார்.

அடுத்து, பழத்தை வட்ட வில்லைகளாக்காமல் நெடுக்கில் நான்காக வகிர்ந்து, தண்டை நீக்கி, நீளக் கீற்றுகளாக்கினார். காரணம் வினவினோம். அடி இனிக்கும், நுனி புளிக்கும். வட்டமாய் அரிந்தால் ஒரு பிள்ளைக்கு இனிப்பும் மற்றொரு பிள்ளைக்குப் புளிப்பும் கிடைக்கும், நெடுக்கில் அரிந்தால் எல்லார்க்கும் இரண்டும் கிடைக்கும் என்றார். அன்னாசியின் பூக்கள் அடியிலிருந்தே மேல்நோக்கி மலர்கின்றன. அடிக்கண்கள் முதலில் முதிர்கின்றன. ஆதலின் அவர் கூற்று முற்றும் உண்மை. கரும்பின் அடிநுனிச் சுவை வேறுபாட்டை நாலடியார் கற்றார் நட்புக்கு உவமையாக்கிற்று. இங்கோ அவ்வறிவு பங்கீட்டு நீதியாயிற்று.

இறுதியாகக் கீற்றுகளை உப்புநீரில் சிறிது நேரம் இட்டு எடுத்து, மிளகாய்ப் பொடி தூவினார். உப்பு புளிப்பை அடக்கி இனிப்பை எடுத்துக் காட்டும். மாங்காய்க்கு உப்பும் காரமும் இட்டுண்ட பழக்கம் அன்னாசிக்கு நீண்டது. அம்மிளகாயும் அன்னாசி பிறந்த கண்டத்ததே. அங்கிருந்து வந்த இரு பொருள்கள் விராலிமலை அடிவாரத்துத் தட்டொன்றில் தமிழ்ச் சுவையாய்க் கூடின.

எஞ்சிய துண்டுகள் மறுநாட் பச்சடிக்கு ஒதுக்கப்பட்டன. பச்சையாகத் தயிரிற் கலந்தால் சிறிது நேரத்திற் கசக்கும். வேகவைத்தே கலத்தல் வேண்டும் என்பது அவர் விதி. புரோமலின் பாற்புரதத்தைச் சிதைப்பதால் கசப்பு எழுகின்றது. சூடேறின் அந்நொதி செயலிழக்கின்றது. திருமணப் பந்தியில் வரும் அன்னாசி இரசமும், அன்னாசிக் கேசரியும் வெந்தனவே ஆதல் காண்க.

திருகுதல், கழித்தல், சீவுதல், கீறுதல், தோண்டுதல், வகிர்தல், அரிதல், தூவுதல் என மேலே வந்த வினைகளில் ஒன்றேனும் அயற்சொல் இல்லை. எம்மொழியாரும் வெட்டுதற்குத் தம் சொல்லையே ஆள்வர். இதிற் புதுமை என்னை என வினவலாம். தொழிலே புதிதாய் வருமாயின் தொழிற்பெயரும் உடன் வரும் என்பது விடை. போர்ச்சுக்கீசியரிடமிருந்து நாம் பெற்ற ‘ஏலம்’, ‘இசுதிரி’ என்பன அத்தகையன. ஏலம் விடுகின்றோம், இசுதிரி போடுகின்றோம். அங்கே செயலும் சொல்லும் சேர்ந்து வந்தன. அன்னாசியில் பொருள் மட்டுமே வந்தது. செயல் இங்கே காத்திருந்தது.

எங்குக் காத்திருந்தது? தேங்காயிலும் நுங்கிலும் ‘கண்’ணை அறிந்திருந்தோம். நுங்கைச் சீவவும் தோண்டவும் அறிந்திருந்தோம். பலாவில் தண்டு நீக்கிச் சுளை எடுக்க அறிந்திருந்தோம். நாவையும் தொண்டையையும் அரிக்கும் சேனையைப் புளியிட்டு வேகவைத்து அடக்க அறிந்திருந்தோம். இவ்வறிவுகள் அனைத்தும் ஒரு பழத்தின்மேல் வந்து கூடின. சாய்ந்த வரிசையிற் கண் எடுக்கும் முறை தென்கிழக்காசிய நாடுகளிலும் உண்டு. அது நமக்கே உரியதென யாம் வாதிடவில்லை. அதனைச் செய்தற்கு நம்மவர்க்குப் பிறர் சொல் தேவைப்படவில்லை என்பதே எம் கூற்று.

5. காலக்கணிப்பில் இதன் பயன்

இவ்வாராய்ச்சி அடுக்களையோடு முடிவதன்று. நூல்களின் காலத்தைத் துணிதற்கும் உதவும். பறங்கிப்புண், பறங்கிப்பட்டை என்னும் சொற்கள் வரும் மருத்துவச் செய்யுள்கள், எத்துணைத் தொன்மையான சித்தர் பெயரால் வழங்கினும், போர்ச்சுக்கீசியர் வருகைக்கு முற்பட்டன ஆகா என்பதை அறிஞர் ஒப்புவர். அன்னாசியும் அத்தகைய எல்லைக்கல். ஒரு குணபாடச் செய்யுளில் அன்னாசிப் பழத்தின் குணம் கூறப்படின், அச்செய்யுள் 16ஆம் நூற்றாண்டுக்கு முற்பட்டதன்று என ஒருதலையாகத் துணியலாம். நூல் முழுவதும் பிற்பட்டது என அதனாலேயே கூறிவிடல் ஆகாது; இடைச்செருகலும் உண்டாதலின்.

இம்முறையைக் கையாள்வோர்க்கு எச்சரிக்கைகள் மூன்று. முதலாவது, ‘அன்னாசிப்பூ’ என்பது அன்னாசியின் பூவன்று. பிரியாணிக்கும் குருமாவுக்கும் இடும் அவ்விண்மீன் வடிவ நறுமணப் பொருள், சீனத்தின் தென்பகுதியிலும் வியத்துநாமிலும் வளரும் மரமொன்றின் உலர்ந்த காய். பெயர் கண்டு மயங்கலாகாது. இரண்டாவது, பழைய இலக்கியத்துத் தாழை அன்னாசி ஆகாது. குறிஞ்சிப்பாட்டின் பூவரிசையில் நிற்பது நம் கடற்கரைத் தாழை; சிலவிடத்துத் தாழை என்பது தெங்கினையும் குறிக்கும். மூன்றாவது, கொலம்பசுக்கு முன்னரே இந்தியச் சிற்பங்களில் அன்னாசி உண்டு என வாதிடுவாரும் உளர். தாழையின் காய் அன்னாசியை ஒத்தது என மேலே காட்டினோம். கல்லிற் செதுக்கிய கண்களைக் கொண்டு இரண்டனுள் ஒன்றைத் துணிதல் அரிது. பெயரிற் கவனமின்மையும், தொன்மையில் மிகுவிருப்பமும் சேருமிடத்து வரலாறு வழுவும்.

செந்தாழை என்னும் புதுப்பெயரை யாம் ஏற்கத் தயங்குவதும் இதனாலேயே. ‘அன்னாசி’ என்னும் சொல் தன் வரலாற்றைத் தன்னுள்ளே தாங்கி நிற்கின்றது. எந்தக் கடலைக் கடந்தது, எவர் கலத்தில் வந்தது, எந்த நூற்றாண்டிற் புகுந்தது என்பதை அச்சொல்லே உரைக்கும். அதனை அழித்துப் பழஞ்சொல்லைப் போர்த்தின், இழப்பது அயற்சொல் அன்று, சான்று.

6. முடிவுரை

மேற்கூறியவற்றால், அன்னாசி 16ஆம் நூற்றாண்டில் வந்த அயற்பழம் என்பதும், அதன் பெயர் தமிழ் ஒலிமரபுக்கு இயைந்த கடன்சொல் என்பதும், அதனை உண்பொருளாக்கும் வினைகள் முற்றும் தமிழ்ச்சொற்கள் என்பதும் பெறப்படும். ஒரு பொருள் நமதா என்பதை அதன் பெயர்ச்சொல்லை மட்டும் கொண்டு துணிதல் நிரம்பாது. அதனோடு நாம் இயற்றும் வினைச்சொற்களையும் ஆராய்தல் வேண்டும்.

இவ்வினைச்சொற்கள் பெரும்பாலும் பெண்டிர் கையிலும் வாயிலும் வாழ்வன. விராலிமலைச் சுருட்டுக்குத் தலவரலாறு உண்டு. அதனைக் கேட்டு எழுதுவோரும் உளர். அடிவாரத்து அரிவாள்மணைக்கு எவரும் வரலாறு எழுதவில்லை. மணை மூலையிற் சாய்த்து வைக்கப்பட்டு, அரிந்த பழம் கடையிலேயே பெட்டியில் அடைத்து விற்கப்படும் காலம் இது. வகிர்தலுக்கும் கீறுதலுக்கும் சீவுதலுக்கும் உள்ள வேறுபாடு, கை மறக்கும்போது நாவும் மறக்கும். பின்னர் அகராதியில் மூன்றற்கும் ‘வெட்டுதல்’ என்றே பொருள் எழுத நேரும். எம் அத்தையார்க்கு இப்போது அகவை எண்பதைக் கடந்துவிட்டது. ஓலைச்சுவடி தேடி ஊரூராய்ச் சென்ற முன்னோர் வழிவந்த தமிழ்த்துறையினர், ஏட்டில் ஏறாத இச்சொற்களையும் அத்தகையோர் உள்ளபோதே கேட்டுத் தொகுத்தல் கடனாகும்.